டி.வி. கோர்ட்டும் நம் கணக்கு நோட்டும்

பகல் இரண்டு மணிக்கு மேல் நாலு மணி வரை மளிகைக் கடைகளில் வியாபாரம் மந்தம் என்பது நாம் அறிந்ததே. கல்லாவுக்கு எதிரே மாட்டியிருக்கும் டி.வி.க்கு அதுதான் வேலை நேரம். இப்போது கைபேசியும் கூடச் சேர்ந்துகொண்டது. அந்த நேரத்தில் பார்க்கப்படுபவற்றில் வழக்கு விசாரணை நிகழ்ச்சிகளுக்குத் தனி வரவேற்பு உண்டு. வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகள் அனுப்பி வைக்கும் அமெரிக்க கோர்ட் நிகழ்ச்சிகளையும் நம்மவர்கள் பார்க்கிறார்கள். பாஷை புரியாவிட்டாலும் விஷயம் புரிந்துவிடுகிறது. கழுத்தில் பட்டை போட்டுக்கொண்டு ஒருவர் நிற்பார். எதிரே கடைக்காரரோ வண்டிக்காரரோ நிற்பார். கறுப்பு அங்கி போட்ட நீதிபதி நாலு கேள்வி கேட்டு, நடுவில் ஒரு அதட்டல் போட்டு, சுத்தியலைத் தட்டித் தொகையைச் சொல்லிவிடுவார். விளம்பரம் உட்பட அரை மணி நேரம்.

தட்டாஞ்சாவடிக்குச் சரக்கெடுக்க வரும் சில்லறை வியாபாரி ஒருவர் நம்மிடம் கேட்டார்: "அங்கே அரை மணி நேரத்தில் நஷ்ட ஈடு வாங்கிக் கொடுத்துவிடுகிறான். நம்ம மச்சான் கேஸ் நாலு வருஷமாக நடக்கிறது. ஏன் அண்ணே?" நியாயமான கேள்வி. விவரம் தெரிந்தவர்களிடம் விசாரித்ததையும், நம் தொழிலில் நேரில் பார்த்ததையும் சேர்த்து இங்கே எழுதுகிறோம்.

முதலில் அந்த அரை மணி நேர விஷயம். அமெரிக்காவில் 1981-ல் 'பீப்பிள்ஸ் கோர்ட்' என்ற நிகழ்ச்சி ஆரம்பமானது. ஜோசப் வாப்னர் என்ற ஓய்வு பெற்ற நீதிபதி அதை நடத்தினார். 1996-ல் வந்த 'ஜட்ஜ் ஜூடி' 25 பருவங்கள் ஓடி 2021-ல் முடிந்தது. இவை கோர்ட் அல்ல, மத்தியஸ்தம். இரு தரப்பாரும் "இவர் சொல்வதை ஏற்றுக்கொள்கிறோம்" என்று முன்கூட்டியே எழுதிக் கையெழுத்துப் போட்ட பிறகே மேடை ஏறுகிறார்கள். ஜட்ஜ் ஜூடி நிகழ்ச்சியில் அதிகபட்சத் தொகை 5,000 டாலர். தோற்றவர் அந்தப் பணத்தைக் கட்டுவதும் இல்லை. நிகழ்ச்சி தயாரிப்பாளரே கொடுத்துவிடுவார். ஆக, தோற்றவருக்குக் கையிலிருந்து நஷ்டமில்லை, ஜெயித்தவருக்கு வசூல் செய்யும் தலைவலி இல்லை. நம் தொழிலில் பாக்கி வசூல் இவ்வளவு சுலபமாக இருந்தால் நாம் எல்லோரும் எப்போதோ மாடி கட்டியிருப்போம்.

காயம் பட்ட வழக்குகளுக்கென்றே 'பெர்சனல் இஞ்சுரி கோர்ட்' என்று ஒரு நிகழ்ச்சியும் 2019-ல் வந்தது. ஜார்ஜியா மாநிலத்தில் நீதிபதியாக இருந்த ஜீனோ பிராக்டன் நடத்தினார். மற்ற நிகழ்ச்சிகளில் வாடகை பாக்கி, நாய்க்கடி போன்ற சில்லறை வழக்குகள் என்றால், இதில் பெரிய காயங்கள், பெரிய தொகைகள். ஒரு பருவத்தோடு நின்றுபோனது.

நம் நாட்டில் கிரண் பேடி அம்மையார் 2008-ல் 'ஆப் கி கச்சேரி' என்ற இந்தி நிகழ்ச்சியை நடத்தினார். தமிழில் 2011 முதல் ஜீ தமிழில் வந்த 'சொல்வதெல்லாம் உண்மை' எல்லோருக்கும் தெரியும். நிர்மலா பெரியசாமி, பிறகு லட்சுமி ராமகிருஷ்ணன் நடத்தினார்கள். அது குடும்பச் சண்டை, பிரிந்த தம்பதி, ஓடிப்போன பிள்ளை என்ற வகை. 2018 ஜூனில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை அதற்கு இடைக்காலத் தடை விதித்ததும் செய்தியில் வந்தது. கை கால் போன வழக்குகளை வைத்துத் தமிழில் இப்படி ஒரு நிகழ்ச்சி நடந்ததாக நமக்குத் தெரியவில்லை. ஆனால் அதற்கான நிஜ கோர்ட், நம் ஊரில் கடலூர் சாலை நீதிமன்ற வளாகத்தில், மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம் என்ற பெயரில் நடக்கிறது. அங்கே காமிரா இல்லை. கைதட்டல் இல்லை. முக்கியமாக, அழுகைக்கு மதிப்பெண் இல்லை. காகிதத்துக்குத்தான் மதிப்பெண்.

அமெரிக்காவைப் பற்றி இன்னொரு கதையும் நம்மவர்களிடம் உலவுகிறது. "காபி கொட்டிக்கொண்ட பாட்டிக்குக் கோடி கோடியாகக் கொடுத்தான்" என்பது அது. நடந்தது இதுதான். 1992-ல் நியூ மெக்ஸிகோ மாநிலம் ஆல்புகர்க்கி நகரில் 79 வயது மூதாட்டி ஒருவர், மெக்டொனால்ட்ஸ் கடையில் வாங்கிய காபியை நின்றிருந்த காரில் வைத்துத் திறந்தபோது மடியில் கொட்டிக்கொண்டார். தோல் முழு ஆழத்துக்கு வெந்து, எட்டு நாள் ஆஸ்பத்திரியில் கிடந்து, வேறிடத்துத் தோலை எடுத்து ஒட்ட வேண்டி வந்தது. அவர் முதலில் கேட்டது சுமார் 20,000 டாலர். கம்பெனி தருவதாகச் சொன்னது 800 டாலர். விசாரணையில், காபியை 180 முதல் 190 டிகிரி பாரன்ஹீட் சூட்டில் வைத்து விற்பதும், அதற்கு முன்பே சுமார் 700 பேர் சூட்டுக்காயம் பற்றிப் புகார் செய்திருந்ததும் வெளிவந்தன. 1994-ல் ஜூரிகள் தண்டனைத் தொகையாக மட்டும் 27 லட்சம் டாலர் என்றார்கள். நீதிபதி அதை 4,80,000 ஆகக் குறைத்தார். மற்ற நஷ்ட ஈட்டையும் சேர்த்து மொத்தம் 6,40,000 டாலர். பிறகு இரு தரப்பும் வெளியே பேசி முடித்துக்கொண்டார்கள். 27 லட்சம் என்ற எண் மட்டும் ஊர் சுற்றுகிறது. 800 என்ற எண்ணை யாரும் சொல்வதில்லை.

இந்தியாவில் நஷ்ட ஈட்டு வழக்கில் ஜூரி கிடையாது. இன்னொரு பெரிய வித்தியாசம் வக்கீல் பீஸ். அங்கே காயம் பட்டவர் கையிலிருந்து காசு போடாமல், வருகிற தொகையில் மூன்றில் ஒரு பங்கு போல வக்கீலுக்கு என்று ஒப்பந்தம் செய்துகொள்வது சட்டப்படி சரி. இங்கே பார் கவுன்சில் விதிப்படி வருகிற தொகையில் பங்கு பேசிக்கொண்டு வழக்கு நடத்தக் கூடாது. ஆஸ்பத்திரி வாசலிலேயே வந்து "செலவெல்லாம் நாங்கள் பார்த்துக்கொள்கிறோம், வருவதில் இவ்வளவு" என்று வெற்றுத் தாளில் கையெழுத்துக் கேட்கும் தரகர்கள் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள். நம் உறுப்பினர்களோ அவர்கள் வீட்டாரோ அப்படிக் கையெழுத்துப் போட வேண்டாம்.

இனி விஷயத்துக்கு வருவோம். நிஜ கோர்ட்டில் தொகை எப்படி வருகிறது? இது மந்திரமல்ல, நாம் அன்றாடம் போடும் கணக்குதான். உச்ச நீதிமன்றம் 2009-ல் ஓர் அட்டவணை கொடுத்தது. வயதுக்கு ஏற்ற பெருக்கல் எண் அது. 25 வயது வரை 18, 26 முதல் 30 வரை 17, 31 முதல் 35 வரை 16, 36 முதல் 40 வரை 15, 41 முதல் 45 வரை 14, 46 முதல் 50 வரை 13 என்று இறங்கிக்கொண்டே வந்து, 61 முதல் 65 வரை 7, அதற்கு மேல் 5. (நம் வயதுக்காரர்களின் விலை இவ்வளவுதான் என்று வீட்டில் சொல்லிவிட வேண்டாம்.) ஆண்டு வருமானத்தை இந்த எண்ணால் பெருக்குவார்கள். வருங்காலத்தில் வருமானம் உயர்ந்திருக்கும் என்பதற்காக, சொந்தத் தொழில் செய்பவருக்கு 40 வயதுக்குக் கீழே என்றால் 40 சதவீதம், 40 முதல் 50 வரை 25 சதவீதம், 50 முதல் 60 வரை 10 சதவீதம் கூட்டிக்கொள்ளலாம் என்று 2017-ல் அரசியல் சாசன அமர்வு சொன்னது. மரண வழக்கில் இறந்தவர் தனக்கென்று செலவழித்திருப்பார் என்று ஒரு பங்கைக் கழிப்பார்கள். உயிர் பிழைத்து ஊனமானவர் வழக்கில் அந்தக் கழிவு கிடையாது. அதற்குப் பதில் ஊனத்தால் சம்பாத்தியம் எவ்வளவு குறைந்தது என்ற சதவீதத்தால் பெருக்குவார்கள். வைத்தியச் செலவு, உடன் இருந்து பார்த்துக்கொண்டவர் செலவு, வண்டிச் செலவு, வலிக்கும் வேதனைக்கும் என்பவை தனி. மனுப் போட்ட தேதியிலிருந்து வட்டியும் உண்டு.

சதவீதம் என்றதும் பலரும் டாக்டர் சர்ட்டிபிகேட்டில் எழுதியிருப்பதுதான் என்று நினைக்கிறார்கள். அது உடம்பின் கணக்கு; கோர்ட் பார்ப்பது தொழிலின் கணக்கு. இடது கை போன ஒருவர் டிரைவராகவோ தச்சராகவோ இருந்தால் அவர் பிழைப்பு முழுவதும் போயிற்று. அதே கை போனவர் அரசாங்க குமாஸ்தாவாக இருந்தால் வேலையே போகாமலும் இருக்கலாம் என்று 2010-ல் உச்ச நீதிமன்றம் விளக்கியது. ஆகவே "எனக்கு 40 சதவீதம் ஊனம்" என்று சொல்லி நிறுத்தினால் போதாது. மூட்டை இறக்க முடியவில்லை, ஏணியில் ஏறி மேல் பலகையிலிருந்து சரக்கெடுக்க முடியவில்லை, விடிகாலையில் மார்க்கெட்டுக்கு வண்டி ஓட்டிப் போக முடியவில்லை, சம்பளத்துக்கு ஓர் ஆள் வைக்க வேண்டியதாயிற்று என்பதையெல்லாம் சாட்சியத்தில் சொல்ல வேண்டும். ஆள் வைத்ததற்குச் சம்பளச் சீட்டு இருக்க வேண்டும். "கடைக்காரர்தானே, உட்கார்ந்துகொண்டே வியாபாரம் பார்க்கலாமே" என்பது எதிர்த்தரப்பு வக்கீல் தவறாமல் கேட்கும் கேள்வி. மளிகைக் கடையில் உட்கார்ந்துகொண்டே வியாபாரம் பார்ப்பவரை நாம் இன்னும் பார்க்கவில்லை.

கர்நாடகத்தில் ஒரு காய்கறி வியாபாரி, 24 வயது. 2008-ல் நடந்த விபத்தில் வலது காலை எடுக்க வேண்டியதாயிற்று. மாதம் 10,000 ரூபாய் சம்பாதித்ததாகச் சொன்னார். எழுத்தில் ஆதாரம் இல்லை என்று உயர் நீதிமன்றம் 3,500 என்று வைத்தது. காய்கறி விற்பவர் ஓரிடத்தில் இருந்து விற்கலாமே என்ற வாதமும் வந்தது. 2014 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. காய்கறி வியாபாரி என்றால் தள்ளுவண்டியைத் தள்ளிக்கொண்டு அலைய வேண்டியவர், அவருக்குக் கால் போனது பிழைப்பே போனதற்குச் சமம் என்று சொல்லி, சம்பாத்திய இழப்பை 85 சதவீதமாக வைத்தது. அமைப்புசாராத் தொழிலாளியிடம் வருமானத்துக்கு எழுத்து ஆதாரம் எதிர்பார்க்க முடியாது, விலைவாசியைப் பார்த்தால் மாதம் 6,500 சம்பாதித்திருப்பார் என்று நம்பலாம் என்றும் சொன்னது. நல்ல தீர்ப்பு. ஆனால் அதையும் கவனித்துப் படிக்க வேண்டும். அவர் சொன்னது 10,000, உச்ச நீதிமன்றமே பெரிய மனதோடு கொடுத்தது 6,500. காகிதம் இல்லாத இடத்தில் கருணைக்கும் ஓர் எல்லை இருக்கிறது.

காகிதம் இருந்தால்? 2019 டிசம்பரில், தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் நேர்மாறான நிலைமையைப் பார்த்தது. இறந்தவர் வருமான வரிக் கணக்குத் தாக்கல் செய்திருந்தார். அது சட்டப்படியான ஆவணம், இருக்கும்போது அதை வைத்தே வருமானத்தை முடிவு செய்ய வேண்டும் என்று தீர்ப்பானது. இதில் நம்மவர்களுக்கு ஒரு பாதி இனிப்பு, ஒரு பாதி கசப்பு. கணக்குத் தாக்கல் செய்தவருக்குப் பலமான ஆதாரம் கிடைத்தது. ஆனால் வரிக்குப் பயந்து குறைத்துக் காட்டியவர், குறைத்துக் காட்டிய தொகையோடுதான் நிற்க வேண்டும். "வரிக் கணக்கில் 2 லட்சம் என்று எழுதினேன், உண்மையில் 6 லட்சம்" என்று எந்த வாயால் கோர்ட்டில் சொல்வது?

ஒரு கணக்கைப் போட்டுப் பார்ப்போம். 42 வயது மளிகைக் கடைக்காரர். விபத்தில் கால் பாதிப்பு. சம்பாத்திய இழப்பு 40 சதவீதம் என்று தீர்ப்பாயம் முடிவு செய்கிறது. ஆண்டுக்கு 3 லட்சம் வருமானம் என்று ஒழுங்காகத் தாக்கல் செய்தவராக இருந்தால், 25 சதவீதம் கூட்டினால் 3,75,000. பெருக்கல் எண் 14. ஆக 52,50,000. அதில் 40 சதவீதம் 21 லட்சம். அதே ஆள், அதே கால், ஆனால் ஒரு காகிதமும் இல்லை; கூலி ஆள் போல மாதம் 9,000 என்று தீர்ப்பாயம் உத்தேசமாக வைத்துக்கொள்கிறது என்றால், ஆண்டுக்கு 1,08,000; கூட்டினால் 1,35,000; 14-ஆல் பெருக்கினால் 18,90,000; 40 சதவீதம் 7,56,000. வித்தியாசம் 13,44,000 ரூபாய். ஆடிட்டருக்கு வருஷா வருஷம் கொடுக்கும் பீஸை மிச்சம் பிடித்ததாக நினைத்தவர் இந்த எண்ணை ஒரு தடவை பார்த்துக்கொள்ளட்டும்.

வருமான வரிக் கணக்கே இல்லாத சிறு கடைக்காரர் என்ன செய்வது? நகராட்சி வியாபார உரிமம், உணவுப் பாதுகாப்புத் துறைப் பதிவுச் சான்று, ஜி.எஸ்.டி. இருந்தால் அந்தத் தாள்கள், பாங்கு பாஸ்புத்தகம், கைபேசியில் பணம் வந்த விவரம், இவையெல்லாம் உதவும். இவற்றுக்கு மேலே ஒன்று உண்டு. அது மொத்த வியாபாரி போட்ட பில்.

நம்மிடமும் வேறு சில மண்டிகளிலும் பல வருஷமாகச் சரக்கெடுக்கும் ஒரு சில்லறை வியாபாரி, வழுதாவூர் சாலையில் சரக்கோடு போகும்போது லாரி மோதிக் கால் முறிந்தார். பதினாறு மாதம் கடைக்கு வரவில்லை. மனைவிதான் நடத்தினார். வழக்குப் போட்டபோது "வியாபாரம் எவ்வளவு" என்ற கேள்வி வந்தது. நம் பேரேட்டிலிருந்து அவர் கணக்கைப் பிரித்து எழுதிக் கொடுத்தோம். கணக்குப்பிள்ளை பேரேட்டோடு போய்ச் சாட்சியும் சொல்லிவிட்டு வந்தார். பருப்பு, எண்ணெய், சர்க்கரை என்று மாதா மாதம் எடுத்தது தேதியோடு இருந்ததால் அந்த அளவுக்குக் கணக்கு நின்றது. ஆனால் அவர் சரக்கில் கிட்டத்தட்டப் பாதி இன்னொரு இடத்திலிருந்து துண்டுச் சீட்டில் வந்தது. அந்த வியாபாரியிடம் போய்க் கேட்டபோது, "கோர்ட்டுக்கு வந்து அந்தச் சீட்டை என்னுடையது என்று நான் எப்படிச் சொல்வது? நாளைக்கு வரி இலாக்கா என் வாசலில் நிற்குமே" என்று கைவிரித்துவிட்டார். அவரைக் குறை சொல்லி என்ன பயன்? துண்டுச் சீட்டு என்றாலே யாருடையதும் இல்லை என்று அர்த்தம். ரூபாய்க்கு இரண்டு பைசா லாபத்துக்கு அதை வாங்கினார். அவருடைய பாதி வியாபாரம் நடக்கவேயில்லை என்று ஆயிற்று.

அவர் மனைவி கடை நடத்தியதும் எதிர்த்தரப்புக்கு வசதியாகப் போயிற்று. "கடை திறந்துதானே இருந்தது, நஷ்டம் எங்கே" என்றார்கள். மரண வழக்குகளிலும் இதே வாதம் வரும். கடை இருக்கிறது, சரக்கு இருக்கிறது, மகன் உட்கார்ந்துவிட்டான், ஆகவே போனது மேற்பார்வை மட்டும்தான் என்பார்கள். இதற்கு ஒரே பதில், விபத்துக்கு முன்னும் பின்னும் விற்பனை எவ்வளவு என்ற கணக்கு. படிப்பை நிறுத்திவிட்டு மகன் வந்திருந்தால் அதையும் சொல்ல வேண்டும். மனைவி சம்பளமில்லாமல் உழைப்பதும் உழைப்புதான். வீட்டு வேலை செய்யும் பெண்களுக்கும் உத்தேச வருமானம் வைத்துக் கணக்கிட வேண்டும் என்று 2021 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. கடையில் உட்காரும் அம்மாள் விபத்தில் சிக்கினால் "இல்லத்தரசி" என்று மட்டும் எழுதி விடாமல், கடை வேலையையும் மனுவில் எழுதச் சொல்லுங்கள்.

விபத்து நடந்தவுடன் செய்ய வேண்டியவற்றை அதிகம் சொல்ல வேண்டியதில்லை. போலீஸ் புகார், எப்.ஐ.ஆர். நகல், ஆஸ்பத்திரியில் முதலில் எழுதும் விபத்துப் பதிவேட்டின் நகல். ஜிப்மருக்கோ பெரியாஸ்பத்திரிக்கோ கொண்டு போகும் பதற்றத்தில் உறவினர்கள் "கீழே விழுந்துவிட்டார்" என்று சொல்லிவிடுவார்கள். அப்படியே பதிவாகிவிடும். பிறகு லாரி மோதியது என்று நிரூபிக்கப் படாத பாடு பட வேண்டும். எந்த வண்டி, எந்த இடம் என்று சொல்லி எழுத வைக்க வேண்டும். மனுவை 6 மாதத்துக்குள் போட வேண்டும் என்ற திருத்தம் 2022 ஏப்ரல் 1 முதல் அமலுக்கு வந்தது. அதை எதிர்த்த வழக்குகள் உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கின்றன. அந்தச் சண்டை நமக்கெதற்கு, 6 மாதத்துக்குள் போட்டுவிடுவோம். அடித்துவிட்டு ஓடிய வண்டி எதுவென்றே தெரியாவிட்டாலும், அதே 2022 ஏப்ரல் முதல் மரணத்துக்கு 2 லட்சம், பலத்த காயத்துக்கு 50,000 என்று அரசுத் திட்டம் இருக்கிறது.

இதுவரை வாங்கும் பக்கத்தைப் பார்த்தோம். வியாபாரி கொடுக்கும் பக்கத்திலும் நிற்க நேரிடும். டி.வி.யில் தோற்றவர் சார்பாகத் தயாரிப்பாளர் கட்டுகிறார். இங்கே நமக்காகக் கட்டக் கூடிய ஒரே ஆள் இன்ஷூரன்ஸ் கம்பெனி. அதுவும் விதிப்படி நாம் நடந்திருந்தால்தான். கடைப் பையனிடம் லைசென்ஸ் இல்லை, டெலிவரிக்கு வண்டியைக் கொடுத்து அனுப்பினோம், ஒருவர் மேல் மோதிவிட்டான் என்றால், கம்பெனி பாதிக்கப்பட்டவருக்குக் கொடுத்துவிட்டு அந்தத் தொகையை நம்மிடமிருந்து வசூலிக்க உத்தரவு வாங்கிவிடும். பாலிசியே காலாவதி என்றால் முழுச் சுமையும் நம் தலையில். சரக்கு வண்டியில் சரக்குக்குச் சொந்தக்காரரோ அவர் அனுப்பிய ஆளோ போகலாம். வழியில் கை காட்டியவரை இரக்கப்பட்டு ஏற்றிக்கொண்டால் அவருக்கு அந்தப் பாலிசியில் இடமில்லை என்று 2002-லேயே தீர்ப்பாகிவிட்டது. இன்னொன்று: நாமே நம் வண்டியில் போய்ப் புளியமரத்தில் மோதிக்கொண்டால் யார் மேல் வழக்குப் போடுவது? அதற்குத்தான் உரிமையாளர்-ஓட்டுநருக்கு 15 லட்சம் ரூபாய் தனிநபர் விபத்துக் காப்பு. பிரீமியம் போடும்போது "அது வேண்டாம், குறைத்துப் போடு" என்று சொல்லும் பழக்கம் நம்மவர்களிடம் அதிகம்.

மண்டியில் மூட்டை சரிந்து சுமை தூக்குபவருக்கு அடிபடுவது நமக்குப் புதிதல்ல. கையில் ஐயாயிரமோ பத்தாயிரமோ கொடுத்து, டீ வாங்கிக் கொடுத்து, "பார்த்துக்கொள்ளப்பா" என்று முடித்துவிடுவது பழைய வழக்கம். தினக்கூலி, நம் ஆள் இல்லை என்று சொல்வதும் உண்டு. 1923-ம் ஆண்டுச் சட்டத்தில் தற்காலிக ஆட்களுக்கு இருந்த விலக்கை 2000-ம் ஆண்டிலேயே எடுத்துவிட்டார்கள். அந்தச் சட்டத்தின் இடத்தில் 2025 நவம்பர் 21 முதல் சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டம் வந்திருக்கிறது. அடிப்படை மாறவில்லை: வேலையின்போது வேலையால் காயம் பட்டால் முதலாளி பொறுப்பு, நம் தப்பு இருந்ததா என்ற கேள்வியே எழாது. மரணம் என்றால் மாதச் சம்பளத்தில் பாதியையும், நிரந்தர முழு ஊனம் என்றால் 60 சதவீதத்தையும் வயதுக்குரிய எண்ணால் பெருக்கிக் கொடுக்க வேண்டும். வேலைக்கு வரும் வழியிலும் திரும்பும் வழியிலும் நடக்கும் விபத்தும் வேலையோடு தொடர்புடையதாக இருந்தால் சேரும் என்று புதுச் சட்டம் சொல்கிறது. இதற்கென்று தொழிலாளர் இழப்பீட்டுப் பாலிசி இருக்கிறது. தீ விபத்துப் பாலிசி எடுக்கும் அதே இடத்தில் கிடைக்கும். கால் நசுங்கியவருக்கு இன்றைய பத்தாயிரத்தில் எத்தனை மாதம் அடுப்பெரியும் என்பதையும் முதலாளிமார் நினைத்துப் பார்க்க வேண்டும். நம் சுவர்களுக்குள் வெயிலோடு வெயிலாக உழைத்தவர் அவர்.

நம் ஊர்ப் பெரியவர்களுக்கு இந்தப் பொறுப்புச் சமாச்சாரம் ஒன்றும் புதிதில்லை. 1819-லேயே பிரெஞ்சுச் சட்டத் தொகுப்புகளைப் புதுச்சேரியில் அமலுக்குக் கொண்டுவந்துவிட்டார்கள். அதில் 1382-ம் பிரிவு ஒரே வாக்கியம்: தன் தவறால் பிறருக்கு நஷ்டம் செய்தவர் அதை ஈடு கட்ட வேண்டும் என்பது அதன் சாரம். இப்போது வந்திருப்பது அதற்கும் ஒரு படி மேலே. 2020 ஜூலையில் அமலுக்கு வந்த நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் விற்பவர் பொறுப்பு என்று ஒரு பகுதி இருக்கிறது. கெட்டுப்போன பொட்டலத்தால் ஒருவருக்கு உடம்பு கெட்டால் முதலில் தயாரித்தவர்தான் பொறுப்பு. ஆனால் தயாரித்தவர் யாரென்றே தெரியவில்லை, அல்லது அவருக்கு நோட்டீஸ் சேர்க்க முடியவில்லை என்றால் பொறுப்பு விற்றவர் தலையில் விழும். விலாசம் இல்லாத மிளகாய்த்தூள், பெயர் இல்லாத எண்ணெய்ப் பாக்கெட் ஆகியவற்றை அலமாரியில் வைத்திருப்பவர் அந்தச் சரக்குக்குத் தயாரிப்பாளராகவும் ஆகிறார். இங்கும் கொள்முதல் பில்தான் காப்பாற்றும்.

கடைசியாக, அரை மணி நேரத்தில் முடியும் கோர்ட் நம் நாட்டில் இல்லவே இல்லையா என்றால், இருக்கிறது. லோக் அதாலத் என்னும் மக்கள் நீதிமன்றம். 1982 மார்ச்சில் குஜராத்தில் ஜூனாகத் மாவட்டத்து ஊனாவில் முதலில் கூட்டினார்கள். 1987-ம் ஆண்டுச் சட்டம் 1995 நவம்பர் 9-ல் அமலுக்கு வந்தபோது அதற்குச் சட்ட பலம் கிடைத்தது. விபத்து வழக்குகள் அங்கே நிறைய முடிகின்றன. இன்ஷூரன்ஸ் கம்பெனி அதிகாரி எதிரே உட்காருவார், தொகை பேசுவார்கள், ஒத்துக்கொண்டால் அன்றே உத்தரவு. கட்டிய கோர்ட் கட்டணமும் திரும்பி வரும். ஒன்றை மட்டும் ஞாபகம் வைக்க வேண்டும். அங்கே கையெழுத்துப் போட்டால் மேல்முறையீடு கிடையாது. ஆகவே மேலே சொன்ன பெருக்கல் கணக்கை வீட்டிலேயே போட்டுப் பார்த்து, "இதற்குக் கீழே இறங்க மாட்டோம்" என்று ஓர் எண்ணை மனதில் வைத்துக்கொண்டு போக வேண்டும். சரக்குப் பேரத்துக்குப் போகும்போது அடக்க விலை தெரியாமல் யாராவது போவோமா? தொகை கிடைத்தவுடன் முழுவதும் கைக்கு வரும் என்று எண்ண வேண்டாம். மைனர் பிள்ளைகள் பங்கை பாங்கில் டெபாசிட் செய்யச் சொல்வார்கள். கடையை விரிவாக்க அதை எடுக்கலாம் என்று திட்டம் போட்டவர்கள் ஏமாந்திருக்கிறார்கள்.

வக்கீல் வைக்க வசதியில்லாதவர்களுக்கு சட்டப் பணிகள் ஆணைக்குழு மூலம் இலவச வக்கீல் கிடைக்கும். பெண்கள், தாழ்த்தப்பட்ட மற்றும் பழங்குடி வகுப்பினர், மாற்றுத் திறனாளிகள், தொழிற்சாலைத் தொழிலாளர்கள் ஆகியோருக்கு வருமான வரம்பு பார்ப்பதில்லை. விபத்தில் கணவரை இழந்து கடையை நடத்தும் பெண்மணி எவ்வளவு வியாபாரம் செய்தாலும் கேட்கலாம். புதுச்சேரி யூனியன் பிரதேச ஆணைக்குழுவில் ஒரு மனு எழுதிக் கொடுத்தால் போதும்.